நாணயமே முதல்

தமிழிலே 'நாணயம்' என்னும் சொல் இரு பொருள் தருவது. கையிலே கொடுத்து வாங்குகின்ற காசும் நாணயம்; சொன்ன சொல் பிறழாத ஒழுக்கமும் நாணயம். 'முதல்' என்னும் சொல்லும் அத்தகையதே. வணிகன் தொழிலில் இடுகின்ற பொருளும் முதல். எல்லாவற்றிற்கும் முன்னதாக நிற்பதும் முதல். ஒழுக்கமாகிய நாணயம் இல்லாதவிடத்துக் காசாகிய நாணயம் நிலைபெறாது என்பதை நம் முன்னோர் நன்கு அறிந்திருந்தனர் போலும். கைமாற்றாக வாங்கிய பணத்தைக் குறித்த நாளிலே திருப்பிக் கொடுத்தவனுக்கு ஊரிலே மறுமுறையும் கதவு திறக்கும். சாக்குப்போக்குச் சொன்னவனுக்கு அது திறவாது.

வங்கித் தொழில் முழுவதும் இந்த ஓர் உண்மையின்மேல் எழுந்ததாகும். வங்கியாளன் கையிலிருப்பது பெரும்பாலும் பிறர் பணம். அதனை வேறொருவனுக்குக் கடனாகக் கொடுப்பதே அவன் தொழில். கொடுத்தவனுக்கும் வாங்குபவனுக்கும் நடுவே நின்று, இருவருடைய நம்பிக்கையையும் காப்பவனே நல்ல வங்கியாளன். ஒரு நகரத்து மக்களுக்கிடையே இவ்வாறு நிற்பதே எளிதன்று. செல்வ நாடுகளுக்கும் வறிய நாடுகளுக்கும் நடுவே நிற்பது எத்துணைக் கடினமாயிருக்கும்? அவ்வாறு பதின்மூன்றரை ஆண்டுகள் நின்ற ஒருவருடைய வரலாற்றை இவ்வாரம் நோக்குவோம். அவர் பெயர் யூஜின் றொபேட் பிளாக். 1949 ஆம் ஆண்டு முதல் 1962 ஆம் ஆண்டு இறுதிவரை உலக வங்கியின் தலைவராக விளங்கிய அமெரிக்கர் அவர். அக்காலத்தில் அந்நிறுவனத்தைப் 'பிளாக்கின் வங்கி' என்றே பலரும் வழங்கினர் எனின், அவர் பெற்றிருந்த செல்வாக்கு இனிது விளங்கும்.

பிறப்பும் கல்வியும்

பிளாக் 1898 ஆம் ஆண்டு மே மாதம் 1 ஆம் திகதி, அமெரிக்காவின் தென்பகுதியிலுள்ள ஜோர்ஜியா மாநிலத்தின் தலைநகராகிய அற்லாண்டாவிற் பிறந்தார். அவருடைய தாய்வழிப் பாட்டனார் ஹென்றி கிரேடி என்பவர், அந்நகரத்துப் பெரும் பத்திரிகையொன்றின் ஆசிரியர், சிறந்த நாவலர். உள்நாட்டுப் போரினாலே தென்மாநிலங்கள் பாழடைந்து கிடந்த காலத்திலே, வட மாநிலத்தவரின் முதலும் தொழிற்சாலைகளும் தெற்கே வருதல் வேண்டும் என இடையறாது எழுதியும் பேசியும் வந்தவர். 1889 ஆம் ஆண்டிலே அவர் இறந்தமையால், பாட்டனாரைப் பேரன் கண்டதில்லை. எனினும், வறிய நிலத்துக்குச் செல்வர் நிலத்திலிருந்து முதலை வரவழைக்கும் பணி, பாட்டனாரிடமிருந்து பேரனுக்கு வந்த முதுசொத்துப் போலவே அமைந்துவிட்டது.

தந்தையாரும் வங்கித் துறையினர். 1933 ஆம் ஆண்டிலும் அடுத்த ஆண்டிலும் அமெரிக்க மத்திய வங்கி அமைப்பாகிய பெடரல் றிசேவ் சபைக்குத் தலைமை தாங்கியவர்.

மகனார் ஜோர்ஜியாப் பல்கலைக்கழகத்திலே பயின்று 1917 ஆம் ஆண்டிலே பட்டம் பெற்றார். முதலாம் உலகப் போரின்போது கடற்படையிற் பணிபுரிந்தார். பின்னர் ஹரிஸ் போர்ப்ஸ் என்னும் கம்பனியிற் சேர்ந்து பிணைமுறி விற்பனையாளரானார்.

பிணைமுறி என்பது யாதென மாணவர் வினவக்கூடும். ஓர் அரசாங்கமோ நகரசபையோ கம்பனியோ பொதுமக்களிடம் கடன் வாங்கும்போது எழுதிக்கொடுக்கும் உறுதிப் பத்திரமே அது. இன்ன ஆண்டில் முதலைத் திருப்பித் தருவோம், அதுவரை இத்தனை வீதம் வட்டி தருவோம் என்பது அதன் வாசகம். கண்ணுக்குத் தெரியும் பண்டம் யாதும் கைமாறுவதில்லை. ஆதலின் அதனை விற்பவன் உண்மையில் விற்பது நம்பிக்கையையே. தென்மாநிலங்களிலே ஊர் ஊராகச் சென்று இத்தொழிலைப் பழகிய இளைஞர் பிளாக், பணமுடையோரின் மனத்தையும் அவர்தம் அச்சத்தையும் நேரிலே கற்றார். பிற்காலத்தில் அவருக்குக் கைகொடுத்த கல்வி இதுவே.

1929 ஆம் ஆண்டிலே நியூயோர்க் பங்குச் சந்தை வீழ்ந்தது. அதனைத் தொடர்ந்த நான்காண்டுகளில் அமெரிக்காவிலே பல்லாயிரம் வங்கிகள் மூடப்பட்டன. வாழ்நாள் முழுவதும் சிறுகச் சிறுகச் சேர்த்த பணத்தை ஒரே நாளில் இழந்த குடும்பங்கள் எண்ணிறந்தன. அந்த இருண்ட காலத்தில், 1933 ஆம் ஆண்டிலே, நியூயோர்க் நகரத்துச் சேஸ் நாஷனல் வங்கியிலே பிளாக் சேர்ந்தார். அங்கு படிப்படியாக உயர்ந்து மூத்த உபதலைவரானார். வங்கியின் பெரும் முதலீடுகளை மேற்பார்வை செய்யும் பொறுப்பு அவருடையதாயிற்று. மக்கள் நம்பிக்கை ஒருமுறை உடைந்தால் அதனை மீண்டும் ஒட்டுதல் எவ்வளவு அரிது என்பதை அவர் அறிந்தது அக்காலத்திலேயே.

புதிய வங்கியும் பழைய ஐயமும்

இரண்டாம் உலகப் போர் முடியுமுன்னரே, 1944 ஆம் ஆண்டில், அமெரிக்காவிலுள்ள பிறெற்றன் வூட்ஸ் என்னுமிடத்திலே 44 நாடுகளின் பிரதிநிதிகள் கூடினர். போரினால் அழிந்த நாடுகளைப் புனரமைக்கவும் பின்தங்கிய நாடுகளை வளர்க்கவும் ஒரு சர்வதேச வங்கி வேண்டுமெனத் தீர்மானித்தனர். அதுவே உலக வங்கி. அதன் அனுமதிக்கப்பட்ட மூலதனம் 1,000 கோடி டொலர். ஆயினும் இத்தொகை கையிலிருந்த பணமன்று. உறுப்பு நாடுகள் தத்தம் பங்கில் ஐந்திலொரு பகுதியையே செலுத்தின. எஞ்சிய நான்கு பகுதியும், தேவை நேர்ந்தாற் தருவோம் என்ற பிணை மாத்திரமே. கடன் கொடுப்பதற்கான பணத்தைப் பொதுமக்களிடம் பிணைமுறி விற்றே திரட்ட வேண்டியிருந்தது.

இங்கேதான் இடர்ப்பாடு எழுந்தது. முந்திய இருபதாண்டுகளிலே அயல்நாடுகளின் பிணைமுறிகளை வாங்கிக் கையைச் சுட்டுக்கொண்டவர்கள் அமெரிக்க முதலீட்டாளர். அவர்கள் இப்புதிய வங்கியை நம்ப மறுத்தனர். காப்புறுதிக் கம்பனிகளும் சேமிப்பு வங்கிகளும் இம்முறிகளை வாங்குவதற்குப் பல மாநிலங்களின் சட்டமே இடங்கொடுக்கவில்லை. வங்கியின் முதலாவது தலைவர் ஆறு மாதத்தில் விலகினார். அடுத்துத் தலைவராகும்படி அழைக்கப்பட்ட ஜோன் மக்ளோய் என்பார், தாம் விரும்புவோரை உடன் அழைத்துச் செல்ல இசைந்தாலன்றி வாரேன் என்றார். அவ்வாறு அவர் அழைத்துச் சென்றவருள் ஒருவர் பிளாக். 1947 ஆம் ஆண்டிலே அமெரிக்காவின் சார்பில் நிறைவேற்றுப் பணிப்பாளராக அவர் பதவியேற்றார். மாநிலச் சட்டங்களைத் திருத்துவிக்கும் முயற்சி ஒருபுறம், முதலீட்டாளருக்கு விளக்கமளிக்கும் வேலை மறுபுறம் என அவ்வாண்டு கழிந்தது. ஜூலை மாதத்திலே வங்கியின் முதற் பிணைமுறிகள் 25 கோடி டொலருக்கு வெளியிடப்பட்டன. வேண்டிய தொகைக்கு மேலாகவே விண்ணப்பங்கள் குவிந்தன.

1949 ஆம் ஆண்டு ஜூலை மாதத்தில், மக்ளோய் ஜேர்மனிக்குச் செல்ல, பிளாக் தலைவரானார். அவருடைய கொள்கை எளியது: 'நல்ல திட்டத்துக்கே கடன், திருப்பிக் கொடுக்க வல்லவருக்கே கடன்.' மின்னிலையம், இருப்புப் பாதை, துறைமுகம், பெருந்தெரு ஆகியவற்றுக்கே பணம் சென்றது. ஒவ்வொரு திட்டத்தையும் பொறியியலாளரும் பொருளியலாளரும் நேரிற் சென்று ஆராய்ந்தனர். அரசியலழுத்தத்துக்கு இணங்கிக் கடன் கொடுத்தால் முறி வாங்கியோர் நம்பிக்கை சிதையும். அது சிதைந்தால் நாளை எந்த வறிய நாட்டுக்கும் கடன் இல்லை என்பது அவருடைய வாதம். 1959 ஆம் ஆண்டளவில் வங்கியின் முறிகள் மிகவுயர்ந்த தரத்தனவாக மதிப்பிடப்பட்டன. அதே ஆண்டில் அதன் மூலதனமும் 2,100 கோடி டொலராக உயர்த்தப்பட்டது.

நம் நாட்டிலே

இலங்கை 1950 ஆம் ஆண்டிலே உலக வங்கியில் உறுப்புரிமை பெற்றது. மறு ஆண்டில் வங்கியின் தூதுக்குழு ஒன்று இங்கு வந்து, வேளாண்மை, கைத்தொழில், மின்சாரம், கல்வி ஆகிய எல்லாவற்றையும் ஆராய்ந்து விரிவான அறிக்கையொன்றைச் சமர்ப்பித்தது. 1955 ஆம் ஆண்டிலே கொழும்பில் நிறுவப்பட்ட விஞ்ஞான கைத்தொழில் ஆராய்ச்சி நிலையம், அவ்வறிக்கையின் ஆலோசனைகளுள் ஒன்றிலிருந்து முளைத்ததே.

வங்கி இலங்கைக்கு அளித்த முதற் கடன் 1954 ஆம் ஆண்டு ஜூலையிலே கிடைத்தது. தொகை ஏறத்தாழ 1 கோடி 91 இலட்சம் டொலர். மலைநாட்டிலே அபர்டீன்-லக்சபான நீர்மின் திட்டத்தை விரிவாக்குவதற்கே அது வழங்கப்பட்டது. நீர்வீழ்ச்சி விற்பனைக்குரிய பண்டமன்று; ஆனால் அதிலிருந்து பிறக்கும் மின்சாரத்துக்கு மாதந்தோறும் கட்டணம் வரும்; அக்கட்டணத்திலிருந்து கடன் தீரும். பிளாக் விரும்பிய கடனுக்கு இதனினும் தெளிவான உதாரணம் வேண்டியதில்லை.

நைல் நதியும் சூயஸ் கால்வாயும்

எனினும், எல்லா இடத்தும் கணக்கு இவ்வளவு நேராக அமையவில்லை. எகிப்து நாட்டின் தலைவர் நாசர், நைல் நதிக்குக் குறுக்கே அஸ்வானில் மாபெரும் அணையொன்றைக் கட்ட விரும்பினார். 1955 ஆம் ஆண்டு டிசம்பரிலே, உலக வங்கி 20 கோடி டொலரும், அமெரிக்கா 5 கோடி 60 இலட்சமும், பிரித்தானியா 1 கோடி 40 இலட்சமும் உதவுவதாக ஏற்பாடாயிற்று. ஆனால் வங்கி விதித்த நிபந்தனைகள் நாசரின் மனத்தைச் சுட்டன. பிற நாட்டுக் கடனில் அமிழ்ந்த எகிப்தின் கருவூலம் 1876 ஆம் ஆண்டிலே ஐரோப்பியரின் கண்காணிப்புக்கு உட்பட்டது. சில ஆண்டுகளில் நாடே பிரித்தானியர் வசமாயிற்று. அந்தத் தழும்பு ஆறாத நாட்டிலே, 'உங்கள் வரவுசெலவை நாம் பார்வையிடுவோம்' என்று எவ்வளவு நயமாகக் கூறினும் அது நஞ்சாகவே ஒலிக்கும். 1956 ஆம் ஆண்டுத் தொடக்கத்திலே பிளாக் தாமே கெய்ரோ சென்று பேசி ஒருவாறு உடன்பாடு கண்டார்.

ஆயினும் ஜூலை 19 ஆம் திகதி அமெரிக்க அரசாங்கம் தன் உதவியைத் திடீரென மீட்டுக்கொண்டது. அதனோடு வங்கியின் கடனும் இல்லாதொழிந்தது. ஒரு வாரத்தின் பின், 26 ஆம் திகதி, அலெக்சாந்திரியா நகரத்துப் பெருங்கூட்டத்திலே நாசர் பேசினார். பிளாக்கோடு தாம் உரையாடியதை அப்பேச்சிலே எடுத்துக் கூறி, எதிரே இருந்த பிளாக்கைப் பார்க்கையில் சூயஸ் கால்வாயை வெட்டிய டி லெசெப்ஸ் என்பவர் முன் இருப்பதாகவே தமக்குத் தோன்றிற்று என்றார். 'டி லெசெப்ஸ்' என்னும் அப்பெயரே குறிச்சொல். வானொலியிலே அது கேட்டதும், காத்திருந்த எகிப்திய அதிகாரிகள் கால்வாய்க் கம்பனியின் அலுவலகங்களைக் கைப்பற்றினர். அன்று கால்வாய் தேசியமயமாக்கப்பட்டது. ஆண்டு முடியுமுன் போரும் மூண்டது.

இவ்வளவு கசப்பின் பின் பிளாக்கின் பெயர் எகிப்திலே கேட்கப்படாது என்றே எவரும் எண்ணுவர். நடந்ததோ வேறு. கால்வாய்க் கம்பனியின் பங்காளருக்கு எவ்வளவு இழப்பீடு கொடுப்பது என்ற வழக்கைத் தீர்க்க இரு தரத்தாரும் ஏற்றுக்கொண்ட நடுவர் அவரே. 1958 ஆம் ஆண்டு ஜூலையிலே 2 கோடி 83 இலட்சம் எகிப்திய பவுணுக்கு அவ்வழக்கு முடிவுற்றது. மறு ஆண்டிலே, கால்வாயை ஆழமும் அகலமுமாக்குவதற்கு எகிப்துக்கு 5 கோடி 65 இலட்சம் டொலர் கடனும் வங்கி வழங்கியது. அஸ்வான் அணையோ சோவியத் நாட்டின் துணையோடு எழுந்தது. ஒரு தலைவரின் சொல்லை இரு பகைவரும் நம்பினர் என்பது அவருக்குப் பெருமை. அவருடைய வங்கியின் வாக்கை வல்லரசொன்றின் கோபம் ஒரே நாளிற் பயனற்றதாக்கிவிட்டது என்பது அப்பதவியின் எல்லை. இரண்டையும் ஒருங்கே காண்பதே நடுநிலை.

சிந்து நதி ஒப்பந்தம்

பிளாக்கின் பொறுமையை உலகுக்குக் காட்டியது சிந்து நதி விவகாரம். 1947 ஆம் ஆண்டுப் பிரிவினையிலே பஞ்சாப் இரண்டாயிற்று. வாய்க்காலின் தலைமதகு இந்தியாவிலே; அதன் நீரை நம்பிய வயல் பாகிஸ்தானிலே. 1948 ஆம் ஆண்டு ஏப்பிரலில் கிழக்குப் பஞ்சாப் சில வாய்க்கால்களை அடைத்தபோது, மறுபக்கத்து உழவர் வயல்கள் நீரின்றி வாடின. நமது ஊர்களிலே வாய்க்கால் நீருக்காக அண்ணன் தம்பி பகைப்பதை அறிந்தோர், இரு நாடுகள் பகைத்ததை வியவார்.

1951 ஆம் ஆண்டிலே டேவிட் லிலியந்தால் என்ற அமெரிக்க அறிஞர், இது அரசியல் வழக்கன்று, பொறியியல் வழக்கென்று நோக்கினால் தீரும் எனச் சஞ்சிகையொன்றிலே எழுதினார். அக்கருத்தைப் பற்றிக்கொண்ட பிளாக், இரு நாட்டுப் பிரதமருக்கும் கடிதம் எழுதி, வங்கியின் துணையை நல்க முன்வந்தார். எவரும் அவரை ஏவவில்லை. பேச்சுத் தொடங்கியது, தடைப்பட்டது, மீண்டும் தொடங்கியது. ஆறு நதிகளையும் ஒன்றாக ஆளுதல் இயலாதென்று கண்டபின், 1954 ஆம் ஆண்டிலே வங்கி அவற்றைப் பங்கிடும் யோசனையை முன்வைத்தது. ராவி, பியாஸ், சட்லெஜ் என்னும் கிழக்கு நதிகள் மூன்றும் இந்தியாவுக்கு. சிந்து, ஜீலம், செனாப் என்னும் மேற்கு நதிகள் மூன்றும் பெரும்பாலும் பாகிஸ்தானுக்கு. கிழக்கு நதிகளை இழக்கும் பாகிஸ்தானின் வயல்களுக்கு மேற்கிலிருந்து நீர் கொண்டுசெல்லப் புதிய கால்வாய்களும் அணைகளும் வேண்டும். அவற்றுக்குப் பணம் எங்கே? பிளாக் ஆறு செல்வ நாடுகளிடம் சென்றார். ஏறக்குறைய 90 கோடி டொலர் அளவினதாகிய நிதி உருவாயிற்று. இந்தியாவும் தன் பங்காக 6 கோடி 20 இலட்சம் பவுணுக்கு மேல் தர இசைந்தது. 1960 ஆம் ஆண்டு செப்டெம்பர் 19 ஆம் திகதி கராச்சியிலே நேருவும் அயூப் கானும் ஒப்பந்தத்திற் கையொப்பமிட்டனர்.

முதற் கடிதத்துக்கும் இக்கையொப்பத்துக்கும் இடையே கழிந்தவை ஒன்பது ஆண்டுகள். 1965 ஆம் ஆண்டுப் போரிலும் 1971 ஆம் ஆண்டுப் போரிலும் இவ்வொப்பந்தம் முறியவில்லை. 2025 ஆம் ஆண்டு ஏப்பிரலிலே, காஷ்மீரத்தில் நிகழ்ந்த கொடிய தாக்குதலின் பின், இந்தியா அதனை நிறுத்திவைப்பதாக அறிவித்தது. எனினும் அறுபதாண்டுகளுக்கு மேலாக இரு பகை நாடுகள் ஒரு தாளின் சொல்லுக்குக் கட்டுப்பட்டு நீரைப் பகிர்ந்தன என்பது சிறிய காரியமன்று.

கணக்குக்கு அப்பால்

இனி, பிளாக்கின் வரலாற்றிலே யான் மிகவும் எண்ணிப் பார்க்கும் பகுதிக்கு வருகின்றேன். திருப்பிக் கொடுக்க வல்லவனுக்கே கடன் என்ற கொள்கை நேர்மையானதே. ஆனால் அதன் மறுபக்கம் யாது? மிக வறியவனுக்குத் தேவை மிகுதி, பிணை இல்லை. மின்னிலையத்துக்குக் கட்டணம் வரும், பள்ளிக்கூடத்துக்கு வருமோ? ஓர் ஏழைக் குழந்தை எழுத்தறிந்ததனால் விளையும் இலாபத்தை எந்தப் பேரேட்டில் எழுதுவது? பிளாக்கின் காலத்துப் பெரும்பகுதியிலே உலக வங்கி பாடசாலைகளுக்குக் கடன் கொடுக்கவில்லை.

வறிய நாடுகள் ஐக்கிய நாடுகள் சபையிலே வேறொரு நிதியம் வேண்டின. நெடுங்காலத் தவணையும் மிகக் குறைந்த வட்டியும் உடைய கடன் கேட்டன. இளகிய கடனையும் இறுகிய கடனையும் ஒரே பெட்டியிற் கலந்தால் இரண்டும் கெடும் என்று பிளாக் முதலில் மறுத்தார். ஆனால் ஆண்டுகள் செல்லச் செல்ல, உண்மை அவர் கண்முன் நின்றது. பல நாடுகள் வட்டிச் சுமையினாலேயே தளர்ந்தன. 1958 ஆம் ஆண்டிலே இந்தியாவின் அந்நியச் செலாவணி வற்றியபோது, உதவும் நாடுகளை அவரே ஒன்றுகூட்ட வேண்டியதாயிற்று. நல்ல திட்டம் உண்டு, உழைக்கும் மக்கள் உண்டு. வழக்கமான கடனைத் தாங்கும் வலிமை மட்டும் இல்லை.

ஆதலின் அவர் தம் நிலையை மாற்றிக்கொண்டார். கணக்குகள் தனித்தனியே இருத்தல் வேண்டும் என்ற ஒரே உறுதியோடு, 1960 ஆம் ஆண்டிலே சர்வதேச அபிவிருத்திச் சங்கம் என்ற புதிய நிறுவனத்தை வங்கியின் அருகே நிறுவுவித்தார். அக்காலத்தில் அதன் கடனுக்குத் தவணை 50 ஆண்டு, முதற் பத்தாண்டில் முதலைத் திருப்ப வேண்டியிருக்கவில்லை, வட்டியும் இருக்கவில்லை, நிர்வாகச் செலவுக்காக நூற்றுக்கு முக்கால் வீதம் மட்டும். 1962 ஆம் ஆண்டிலே, பிளாக் பதவியிலிருந்து நீங்குவதற்குச் சில மாதங்களின் முன், துனீசியா நாட்டிலே பாடசாலைகள் கட்டுவதற்கு அச்சங்கம் 50 இலட்சம் டொலர் வழங்கியது. கல்விக்கென அவ்வங்கிக் குடும்பத்திலிருந்து சென்ற முதற் பணம் அது.

வறிய நாடுகளுக்குச் சமவாக்குள்ள நிதியம் ஐக்கிய நாடுகள் சபையிலே தோன்றாதிருக்கவே செல்வ நாடுகள் இச்சங்கத்தை ஆக்கின என்று கூறுவோரும் உளர். அக்கூற்றிலும் உண்மை உண்டு. உலக வங்கியிலே பங்குக்கேற்றபடியே வாக்கு. எனினும், வாழ்நாளெல்லாம் பிணைமுறி விற்ற ஒருவர் அறுபது வயதைக் கடந்தபின், பழகிய அளவுகோல் போதாதென ஒப்பி வேறொன்றைக் கையில் எடுத்தது எளிய செயலன்று.

இது நமக்குத் தொலைவிலுள்ள கதையுமன்று. 2022 ஆம் ஆண்டு ஏப்பிரலிலே இலங்கை தன் வெளிநாட்டுக் கடன்களைத் திருப்பிச் செலுத்துவதை நிறுத்தியது. எரிபொருளுக்கும் எரிவாயுவுக்கும் நீண்ட வரிசைகளில் நின்ற குடும்பங்களுக்கு, ஒரு நாட்டின் நாணயம் குன்றினால் அடுப்பங்கரையிலே என்ன நிகழும் என்பதை எவரும் விளக்க வேண்டியதில்லை. அவ்வாண்டு டிசம்பரிலே, அச்சங்கத்தின் சலுகைக் கடனைப் பெறும் தகுதி இலங்கைக்கு மீண்டும் அளிக்கப்பட்டது. பிளாக் தயக்கத்தோடு திறந்த கதவு, அறுபதாண்டுகளின் பின் நம் பொருட்டும் திறந்தது.

ஓய்வு பெற்ற பின்னரும் பிளாக் வாளாவிருக்கவில்லை. 1965 ஆம் ஆண்டிலே தென்கிழக்காசிய அபிவிருத்திக்கு ஜனாதிபதி ஜோன்சனின் ஆலோசகராகி, மறு ஆண்டு ஆசிய அபிவிருத்தி வங்கி தோன்றுவதற்கும் துணைநின்றார். 1992 ஆம் ஆண்டு பெப்ரவரி மாதத்தில், தமது 93 ஆவது வயதிலே காலமானார்.

மாணவர்களே, வணிகமும் பொருளியலும் வெறும் எண்களின் கூட்டல் கழித்தல் என்று எண்ணாதீர்கள். பேரேட்டின் ஒவ்வொரு வரியின் பின்னும், சேமித்த ஒருவனும் கடன்பட்ட ஒருவனும் நிற்கின்றனர். கொடுத்தவன் நம்பிக்கையைக் காத்தல் வங்கியாளனின் முதற் கடமை. அதில் தவறியவன் எவருக்கும் உதவ இயலாது. ஆனால் அந்த நம்பிக்கையை ஈட்டியபின், அதனைக் கொண்டு யாருக்கு உதவுவது என்ற வினா எஞ்சி நிற்கிறது. பிளாக் முதல் வினாவுக்கு இளமையிலேயே விடை கண்டார். இரண்டாவதற்கு முதுமையிலே கண்டார். நீங்கள் இரண்டையும் ஒருங்கே கற்கத் தொடங்குங்கள்.